ஒன்பது நாளில் ஐம்பத்துமூன்று இடங்கள்

மணிகுந்தளா ஹோர் முப்பத்திரண்டு வருஷம் உத்தர்பாராவில் ஒரு பெண்கள் பள்ளியில் பூகோளம் நடத்தியவள். ஆரவல்லி மலை எங்கே எழும்பி எங்கே படுக்கிறது என்று கரும்பலகையில் பார்க்காமலே வரைவாள். நேரில் அதைக் கண்டதில்லை. கல்யாணம் ஆகவில்லை. அம்மாவுக்கு வெகுநாள் உடம்பு சரியில்லை. அம்மா போன பிறகு, இனி எங்கே போய் என்ன என்று இருந்துவிட்டாள். ஓய்வுபெற்ற மூன்றாவது வருஷம், சில நாட்களில் அவளுடைய மொத்தப் பேச்சும் மீன்காரனிடம் கேட்கும் "இதைவிடச் சின்னதா இல்லையா?" என்பதோடு முடிந்துபோகும்.

ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் கிருஷ்ணநகரிலிருந்து அண்ணி சுப்ரபா போன் செய்வாள். அண்ணன் இறந்து ஆறு வருஷமாகியும் அண்ணி அந்த வழக்கத்தை விடவில்லை.

"மணி, சகல தரிசனப் பயணச் சங்கம்னு ஒண்ணு இருக்கு. ராஜஸ்தான், ஒன்பது நாள், ஐம்பத்துமூணு இடம். சமையக்காரன் கூடவே வர்றான். பாலைவனத்துலயும் நம்ம மீன் குழம்பு. எதிர்வீட்டு ஸோம் குடும்பம் போயிட்டு வந்து ஒரு மாசமா வாய மூடல. நீ முதல்ல போய்ப் பாரேன். போறது உருப்படியான காரியம்னு நீ சொன்னா, அடுத்த குளிர்காலத்துல நாம ரெண்டு பேரும் போவோம்."

"இப்பவே நீங்களும் வாங்களேன் அண்ணி."

"எனக்கு முழங்கால். நீ வாத்தியாரம்மா, சரியா மார்க் போடுவே. நீ சொல்றதுதான் முடிவு."

அண்ணியோடு ஒன்பது நாள். மணிகுந்தளாவுக்கு ராஜஸ்தானைவிட அது பெரிதாகத் தெரிந்தது. மறுநாளே பெயர் கொடுக்கக் கிளம்பிப் போனாள்.

சங்கத்தின் அலுவலகம் சியால்தா ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு மாடியில் இருந்தது. மேனேஜர் பஞ்சானன் மைத்தி நாற்காலியில் உட்கார்ந்திருக்கும்போதும் கழுத்தில் விசில் மாட்டியிருந்தார். பதினெட்டு வருஷமாகப் பயணங்களை நடத்திப் போகிறவரும் அவரேதான்.

"கூட யார் வர்றாங்க, தீதி?" என்று அக்கா முறை சொல்லிக் கேட்டார்.

"யாருமில்லை."

"யாருமில்லைன்னு எழுத இதுல கட்டமே இல்லையே." படிவத்தைத் திருப்பிக் காட்டினார். ஜோடி எண், ஜோடியின் பெயர், ஜோடி காரம் சாப்பிடுமா என்றுதான் இருந்தது. "வீட்டுக்காரர்?"

"இல்லை."

"காலமாயிட்டாரா?"

"வரவே இல்லை."

"லேட்டா வருவாரா? ஜெய்ப்பூர்ல வந்து சேர்ந்துக்கலாம். அதுக்கு ஒரு படிவம் இருக்கு."

அரை மணி நேரம் பேசிய பிறகு பிரச்சினை தீர்ந்தது. மைத்தி 'அரை ஜோடி' என்று எழுதி அடிக்கோடிட்டார். மொத்தம் இருபது ஜோடி, ஒரு அரை.

"ஒரு இடத்துக்கு எவ்வளவு நேரம் குடுப்பீங்க?" என்று கேட்டாள்.

மைத்தி எழுந்து நின்றார். இந்தக் கேள்விக்கு அவர் உட்கார்ந்து பதில் சொல்வதில்லை என்று பிறகு தெரிந்தது.

"பன்னிரண்டு நிமிஷம். எங்க நிறுவனர் ஆராய்ச்சி பண்ணிக் கண்டுபிடிச்ச அளவு. ஒரு மனுஷன் ஒரே இடத்துல பதிமூணாவது நிமிஷமும் நின்னா என்ன ஆகும்? யோசிக்க ஆரம்பிப்பான். யோசிச்சா வீட்டு ஞாபகம் வரும். வீட்டு ஞாபகம் வந்தா முகம் தொங்கும். எங்க சங்கத்துல போனவங்க ஒருத்தர்கூட வருத்தப்பட்டதில்லை, தீதி. வருத்தப்பட நாங்க நேரம் குடுக்கறதில்லை."

ஜெய்ப்பூரில் ரயிலை விட்டு இறங்கி பஸ்ஸில் ஏறினார்கள். இருக்கைகள் இரண்டிரண்டாக இருந்தன. மணிகுந்தளாவின் பக்கத்து இருக்கை வீணாகக்கூடாது என்று அதில் பெரிய பிரஷர் குக்கரை வைத்துக் கயிற்றால் கட்டியிருந்தார்கள். வளைவு வரும்போதெல்லாம் குக்கர் அவள்மேல் சாய்ந்தது. இரண்டாம் நாளிலிருந்து அவளே அதைப் பிடித்துக்கொண்டாள்.

ஒவ்வொருவருக்கும் ஒரு தரிசனப் புத்தகம். இடம் பார்த்து முடிந்ததும் மைத்தி அதில் முத்திரை குத்துவார். காற்று மாளிகையை பஸ் நிற்காமல் கடந்தது. அது இடப்பக்கம் இருந்தது. வலப்பக்கம் உட்கார்ந்திருந்தவர்கள் ரஜாய்ப் போர்வைக் கடைகளைப் பார்த்தார்கள்.

"எங்களுக்குத் தெரியலையே" என்றார் வலப்பக்கத்து பாதுரி பாபு.

"பஸ் பார்த்துடுச்சு" என்றார் மைத்தி. "நீங்க பஸ்ஸுக்கு உள்ளதானே இருந்தீங்க?"

முத்திரை விழுந்தது. அஜ்மீர் போகும் வழியில் பாதுரி பாபு தூங்கிப்போய் மூன்று இடங்களைத் தவறவிட்டார். அவர் மனைவி பயந்துபோய் மைத்தியிடம் கேட்டாள். "உடம்பு வந்துச்சா இல்லையா?" என்று மைத்தி திருப்பிக் கேட்டார். "தூக்கம் அவரோட சொந்த விஷயம். அதுல சங்கம் தலையிடாது." மூன்று முத்திரையும் விழுந்தன.

நாலாம் நாள் ஒரு கோட்டை பழுதுபார்ப்புக்காக மூடியிருந்தது. மைத்தி கொஞ்சமும் கலங்கவில்லை. நாற்பத்தொரு பேரையும் மூடிய கதவுக்கு எதிரே வரிசையாக நிறுத்தி, கோட்டையைப் பற்றி அச்சடித்த பத்தியை உரக்கப் படித்தார். "இந்தக் கதவுக்குப் பின்னால கோட்டை இருக்கு. சந்தேகம் இருக்கறவங்க கை தூக்குங்க." யாரும் தூக்கவில்லை. அன்று சாயங்காலம் பஸ் பஞ்சராகி நேரம் கெட்டதால், ஆறு இடங்களுக்கான பட அட்டைகளை பஸ்ஸுக்குள்ளேயே கைமாற்றிவிட்டார்கள். ஆளுக்கு அரை நிமிஷம். அட்டையைத் திருப்பிப் பின்புறம் படிக்க முயன்ற மணிகுந்தளாவை மைத்தி கண்டித்தார். பின்பக்கம் அடுத்த பயணத்தில் வருகிறதாம்.

ஜோத்பூர் கோட்டையின் அடியில் அவள் பாறைமேல் உள்ளங்கையை வைத்தாள். வெயில் ஏறிப் பாறை சூடாக இருந்தது. பக்கத்தில் பாதுரியின் மனைவி நின்றாள்.

"இது எரிமலைக் குழம்பு இறுகின கல்லுங்க. பூமியில மிருகமே நடமாடாத காலத்துக் கல்."

"அப்படியா!" என்றாள் அந்தம்மாள், உண்மையான ஆச்சரியத்தோடு. "இங்க வளையல் கடை எந்தப் பக்கம்?"

அதற்குள் விசில் வந்தது. "அரை! அரை எங்கே?" என்று மைத்தி கத்தினார். பஸ்ஸிலிருந்து நாற்பது பேர் சேர்ந்து, "அரை-தீ! ஓ அரை-தீ!" என்று 'தீதி'யைச் சுருக்கிப் பாட்டாகவே கூப்பிட்டார்கள். கெட்ட எண்ணம் ஒன்றுமில்லை. அவள் பெயர் அவர்களுக்குத் தெரியாது. ஓடிப்போய் ஏறிக் குக்கரைப் பிடித்துக்கொண்டாள்.

உதய்பூர் தர்மசாலையில் மூட்டைகளை இறக்கிவிட்டு, ஏழாம் நாள் காலை சரியாக ஒன்பது நாற்பதுக்கு ஏரிக்கு வந்தார்கள். பிச்சோலா ஏரிக்குப் பன்னிரண்டு நிமிஷம். அதில் ஐந்து நிமிஷம், எல்லோரும் ஏரிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு போட்டோவுக்கு நின்றார்கள். படியில் இறங்கும் அவசரத்தில் மணிகுந்தளாவுக்குக் கணுக்கால் பிசகியது. 'உடல்நலக் குறைவினால் பாராமை' என்ற படிவத்தை நிரப்பிக் கொடுத்துவிட்டு, மத்தியானம் தர்மசாலையிலேயே தங்கினாள்.

பின்கட்டில் சமையற்காரர் நகுல் ஜானா மீனுக்கு மஞ்சள் தடவிக்கொண்டிருந்தார். மேதினிபூர்க்காரர், ஐம்பத்தைந்து வயது இருக்கும். மணிகுந்தளா ஒரு பலகையை இழுத்துப்போட்டுக்கொண்டு பட்டாணி உரித்தாள்.

"நகுல்-தா, உதய்பூருக்கு எத்தனாவது தடவை?" என்று அண்ணன் முறை வைத்துக் கேட்டாள்.

"இதோட இருபத்தாறு."

"ஏரியில எந்தப் பக்கம் நல்லா இருக்கும்?"

"ஏரியா?" நகுல் சிரித்தார். "நான் எங்க பார்த்தேன்? ஜெய்ப்பூர்ல பார்த்தது பின்கட்டு, ஜோத்பூர்ல பின்கட்டு. வாயில தண்ணி விட்டுப் பார்த்துத்தான் எந்த ஊருன்னே சொல்லுவேன். காலையில நீங்க பார்த்தீங்களே, எப்படி இருந்துச்சு தீதி?"

மணிகுந்தளா வாயைத் திறந்தாள். பாதுரி பாபுவின் குரங்குக் குல்லா ஞாபகம் வந்தது. 'இடது பக்கம் நெருங்குங்க' என்ற மைத்தியின் கை ஞாபகம் வந்தது. ஏரி வரவில்லை. முப்பத்திரண்டு வருஷத்தில் கேட்ட கேள்விக்குப் பதில் இல்லாமல் அவள் நின்றதில்லை.

"வாங்க, போய்ப் பார்த்துடலாம்" என்றாள்.

"மீன்?"

"மீன் எங்க போகப்போகுது?"

"மீன் போகாது தீதி. என் வேலை போயிடும்."

ஆனாலும் கையைக் கழுவிக்கொண்டு எழுந்துவிட்டார். நொண்டிக்கொண்டு போனாலும் பத்து நிமிஷ நடைதான். படித்துறையில் பெண்கள் துணி அடித்துக்கொண்டிருந்தார்கள். நடுத்தண்ணீரில் வெள்ளை அரண்மனை நின்றது. ஒரு நீர்க்காக்கை முங்கிப் போய், எதிர்பார்க்காத இடத்தில் எழுந்தது. அடுத்த தடவை எங்கே எழும் என்று இருவரும் ஆளுக்கோர் இடம் சொன்னார்கள். இரண்டும் தப்பு. மறுபடியும் சொன்னார்கள்.

நகுல் தண்ணீரைக் காட்டினார். "எங்க ஊர்ல வெள்ளம் வந்தா இவ்வளவு தண்ணி நிக்கும். வீடெல்லாம் இப்படித்தான் நடுவுல தெரியும். ஆனா யாரும் டிக்கெட் வாங்கிட்டு வந்து பார்க்க மாட்டாங்க."

அவள் சிரித்தாள். சத்தமாகச் சிரித்து எத்தனை நாளாயிற்று என்று கணக்குப் பார்க்கத் தோன்றவில்லை. ஒன்றரை மணி நேரம் போனதே தெரியவில்லை.

ராத்திரிச் சாப்பாடு ஐம்பது நிமிஷம் தாமதமானது. சங்கத்தின் சரித்திரத்தில் அப்படி ஒன்று நடந்ததில்லையாம். இலைக்கு முன்னால் நாற்பது பேர் காத்திருக்க, மைத்தி விசாரணையைத் தொடங்கினார்.

"பெரியோர்களே! நம்ம சமையக்காரர் இன்னைக்கு ஒரு இடத்தைப் பார்த்துட்டார். இன்னைக்கு ஏரியைப் பார்த்தவர் நாளைக்குக் கோட்டையைப் பார்ப்பார். நாளன்னைக்கு டிரைவர் ரோட்டை விட்டுட்டு மலையைப் பார்ப்பார். பதினெட்டு வருஷமா நான் உங்களையெல்லாம் கூட்டிட்டுப் போறேன். நான் ஏதாவது பார்த்திருக்கேனா? கடியாரத்தைத் தவிர வேற எதையும் நான் பார்த்ததில்லை. அதனாலதான் இந்தச் சங்கம் ஓடுது!"

கைதட்டல் எழுந்தது. "மீன் எப்ப வரும்?" என்று பாதுரி பாபு கேட்டார். அதற்கும் கைதட்டினார்கள்.

மணிகுந்தளா எழுந்தாள். "நான்தான் கூட்டிட்டுப் போனேன். அவரை ஒண்ணும் சொல்லாதீங்க."

"எவ்வளவு நேரம் பார்த்தீங்க, தீதி?"

"ஒன்றரை மணி நேரம்."

சபை மூச்சை இழுத்துக்கொண்டது. மைத்தியின் குரல் இரக்கத்தில் தழைந்தது. "பன்னிரண்டு நிமிஷத்துக்கு மேல போனா அதுக்குப் பேர் பார்க்கறது இல்லை, தங்கறது. காலையில பார்த்ததை மத்தியானம் மறுபடி போய்ப் பார்த்ததால, முதல் பார்வையும் செல்லாது. பிச்சோலா ஏரி, பார்க்கவில்லை."

அவள் புத்தகத்தில் முத்திரைமேல் குறுக்குக்கோடு போட்டார். நகுலை வேலையைவிட்டு அனுப்ப முடியாது, இன்னும் இரண்டு நாள் சாப்பாடு இருக்கிறது. ஆகையால் இனி உதய்பூரில் மட்டும் சமையலறைக் கதவை வெளியே பூட்டுவது என்று தீர்மானமாயிற்று. பிறகு மீன் வந்தது. நகுல் யார் முகத்தையும் பார்க்காமல் பரிமாறிக்கொண்டு வந்தார். மணிகுந்தளாவின் இலையில் மட்டும், வீட்டுக்கு வேண்டியவர்களுக்கு வைக்கும் மீன் தலையை வைத்துவிட்டு நகர்ந்தார்.

ஊர் திரும்பிய ஞாயிற்றுக்கிழமை அண்ணி பரபரப்பாகக் கேட்டாள். "சொல்லு மணி. போகலாமா?"

"வேண்டாம் அண்ணி. நாம ரெண்டு பேரும் உதய்பூர் மட்டும் போவோம். ஏரிக்கரையில ஒரு ரூம். ஆறு நாள்."



"ஆறு நாளும் ஒரே தண்ணியையா? ஊர்ல கேட்டா என்னத்தைச் சொல்றது? ஸோம் வீட்டுல ஐம்பத்துமூணுன்றாங்க. நான் போய் ஒண்ணுன்னு நிக்கவா?"

"நீங்க என்னைத்தானே முடிவு சொல்லச் சொன்னீங்க?"

"சொன்னேன். அதுக்காக இப்படியா சொல்லுவே?"

துர்கா பூஜை முடிந்ததும் செய்தி வந்தது. அண்ணி, ஸோமின் விதவைத் தங்கையோடு சங்கத்தில் பெயர் கொடுத்துவிட்டாள். முழு ஜோடி. மணிகுந்தளா கோபப்படவில்லை. அவர்கள் கிளம்பும் தேதியை மட்டும் கேட்டு வைத்துக்கொண்டாள். ஏழாம் நாள், காலை ஒன்பது நாற்பது. உலகத்தில் வேறு எது மாறினாலும் அது மாறாது. அதற்கு நான்கு நாள் முன்னதாகவே உதய்பூர் போய் ஏரிக்கரையில் அறை எடுத்தாள்.

ஏரி நன்றாகத்தான் இருந்தது. காலையில் ஒரு நிறம், வெயிலில் ஒரு நிறம். நீர்க்காக்கைகளும் இருந்தன. ஆனால் 'அங்கே எழும், பாரு' என்று சொல்வதற்குப் பக்கத்தில் ஆள் வேண்டியிருந்தது. இரண்டாம் நாள் மத்தியானமே அவள் மைத்தியின் பதிமூன்றாவது நிமிஷத்தைப் பற்றி நினைத்துப் பார்த்தாள். அந்த ஆள் சொன்னதில் கொஞ்சம் உண்மை இருக்கிறது என்று தோன்றியது. அதற்காகவும் அவர்மேல் எரிச்சல் வந்தது.

ஐந்தாம் நாள் ஒன்பது நாற்பதுக்கு விசில் கேட்டது. கம்பை ஊன்றிக்கொண்டு படியில் இறங்கிய அண்ணி அவளைப் பார்த்ததும் கம்பையே போட்டுவிட்டாள்.

"ஐயோ மணி! நீ எங்கடி இங்க?"

"உங்களைப் பார்க்கத்தான்."

"பைத்தியம்! இளைச்சுப் போயிருக்கே. சாப்பிடறியா இல்லையா? உன் நகுல் இருக்கானே, மூட்டையை இறக்கினதுமே அவனை உள்ள வச்சுப் பூட்டிட்டாங்க. ஆனா பின்கட்டுலேர்ந்து மொட்டை மாடிக்குப் படி இருக்கறது இவங்களுக்குத் தெரியாது. துவைச்ச துணியைத் திரும்பத் திரும்பக் காயப்போட்டுக்கிட்டு ஏரியைப் பார்த்து நிக்கறான். ராத்திரி எங்களையும் உள்ள வச்சுப் பூட்டிடுவாங்களாம், வெளியாளை விடறதில்லை."

போட்டோவுக்குக் கூப்பிட்டார்கள். அதில் ஐந்து நிமிஷம் போயிற்று. அவசரமாக நொண்டி வந்த அண்ணி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். சிரிப்பு போயிருந்தது.

"மணி, போன்ல சொல்ல வாய் வரலை. பையன் நாக்பூருக்கே வந்துடுன்னு நிக்கறான். வீட்டைக் குடுத்தாச்சு. தை மாசம் போறேன். இனிமே நான் இந்தப் பக்கம் எப்ப..."

விசில். "ஏறுங்க, ஏறுங்க! ஏரி முடிஞ்சுது!"

அண்ணியின் கை நழுவியது. ஸோமின் தங்கை அவளைத் தள்ளி ஏற்றினாள்.  மணிகுந்தளா பஸ்ஸின் படியில் காலை வைத்தாள்.

"மைத்தி பாபு, ஒரு அரைக்கு இடம் இருக்கா?"

மைத்தி அவளை அடையாளம் கண்டு திடுக்கிட்டார். "நீங்களா! எண்ணிக்கை கெட்டுடும் தீதி!"

"ராஜ்சமந்த் வரைக்கும்தான். மத்தியானத்துக்குள்ள நாலு இடம் வருதில்லையா? நாலையும் பார்க்கணும்."

நாலையும் பார்க்கணும் என்று ஒருவர் வாய்விட்டுக் கேட்டு மைத்தி மறுத்ததில்லை. "நாலுக்கும் கருத்துப் படிவம் நிரப்பிக் குடுக்கணும்" என்று சொல்லி உள்ளே விட்டார். ஸோமின் தங்கை முனகிக்கொண்டே எழுந்து குக்கருக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.

அண்ணியும் நாத்தனாரும் பேசினார்கள். ஒலிபெருக்கியில் மைத்தி ராஜாக்களின் பெயர்களை அடுக்க, அதற்குக் கீழே பேசினார்கள். அண்ணனின் புத்தகங்களை யார் எடுத்துக்கொள்வது, மருமகள் எப்படிப்பட்டவள், நாக்பூரில் நல்ல மீன் கிடைக்குமா, ஞாயிற்றுக்கிழமை போன் நிற்குமா நிற்காதா. இடம் வந்தபோது எல்லோரோடும் இறங்கி, கையைக் கோத்துக்கொண்டு, எதற்கோ முதுகைக் காட்டி நின்று பேசினார்கள். விசில் வந்ததும் ஏறிப் பேசினார்கள். ஓரிடத்தில் அண்ணி அழுதாள். இன்னோர் இடத்தில் எதற்காகவோ இருவரும் மூச்சு முட்டச் சிரித்தார்கள். அது கோவிலா போர்க்களமா என்று இருவருக்கும் தெரியாது.

ராஜ்சமந்தில் மைத்தி படிவத்தை நீட்டினார். அதில் நான்கு இடங்களின் பெயர் அச்சிட்டிருந்தது. எங்கெங்கே போய்வந்தோம் என்று மணிகுந்தளாவுக்கு அதைப் படித்த பிறகுதான் தெரிந்தது. ஒவ்வொன்றுக்கும் எதிரே பத்துக்குப் பத்து போட்டாள். 'இப்பயணம் பயனுள்ளதா?' என்ற கேள்விக்கு 'ஆம்' என்று எழுதினாள்.

மைத்தியின் கண் கலங்கிவிட்டது. "பதினெட்டு வருஷத்துல நாலுக்கும் பத்து யாரும் போட்டதில்லை. அப்படி என்னத்தைப் பார்த்தீங்க, தீதி?"

"பன்னிரண்டு நிமிஷத்துல எவ்வளவு முடியுமோ அவ்வளவு."

"அதான்! அதைத்தான் நிறுவனர் சொன்னார்!" என்று அவர் விசிலை எடுத்து ஊதினார்.

ஜன்னல் வழியாக அண்ணி கையை நீட்டினாள். பஸ் நகர்ந்த பிறகும் கொஞ்ச தூரம் மணிகுந்தளா அதைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். அப்புறம் நடை போதவில்லை.

சாலையைக் கடந்து எதிர்ப்பக்கத்து டீக்கடைக்குப் போனாள். உதய்பூர் பஸ் எப்போது வரும் என்று கேட்டாள்.

"வரும்போது வரும். உட்காருங்க அம்மா, என்ன அவசரம்?"

அவசரம் ஒன்றுமில்லை என்று சொல்லி உட்கார்ந்தாள். டீ வந்தது. ஆறட்டும் என்று கையில் வைத்துக்கொண்டு, அந்த பஸ் போன பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.